அப்பா அடித்த சூடம்

நம் வயதுக்காரர்கள் இதைப் படித்தால், முதலில் ஒன்று கேட்கிறேன். உங்கள் அப்பாவின் உள்ளங்கை உங்களுக்கு நினைவிருக்கிறதா? முகம் எல்லோருக்கும் நினைவிருக்கும். கல்யாணப் படத்தில் இருக்கிறது, ஐசி அட்டையில் இருக்கிறது. நான் கேட்பது கையை. எங்கள் அப்பாவின் வலது உள்ளங்கை நடுவில் ஒரு தழும்பு இருந்தது. ரப்பர் மரத்தில் பால் வெட்டும் கத்தி பிடித்த காய்ப்பு விரலடியில் இருக்கும், இது அதுவல்ல. சூடம் அடித்தபோது வந்த தழும்பு.

உங்களுக்குத் தெரியும், உங்கள் பேரப்பிள்ளைகளுக்குத் தெரியாது, அதனால் சொல்லிவிடுகிறேன். எரிகிற சூடத்தை உள்ளங்கையால் அடித்து அணைத்து ஒரு சொல் சொன்னால் அது சத்தியம். மீறினால் சாமி கேட்கும். எல்லோரும் பட்டென்று தட்டிவிட்டுக் கையை எடுத்துவிடுவார்கள். எங்கள் அப்பா அமுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாராம். எதையும் அரைகுறையாகச் செய்யத் தெரியாத மனிதர். அதுதான் எங்களுக்கு வினையாகிப் போனது.

நாங்கள் இருந்த பழைய தோட்டத்தைத் துண்டு போட்டு விற்றுவிட்டார்கள். நம்மில் பாதிப் பேர் அப்படித்தானே வெளியே வந்தோம். பகாவ் பக்கம், செம்மண் சாலையில் உள்ளே உள்ளே போனால் ஒரு சின்னத் தோட்டம். அதற்குக் குத்தகைக்காரர் ஒருவர் ஆள் எடுத்தார். லாரியில் போய் இறங்கியபோது எலும்பெல்லாம் இடம் மாறியிருந்தது. இறங்கிய அன்றே ஒவ்வொரு குடும்பத்துக்கும் அரிசி, மண்ணெண்ணெய், கருவாடு, பால் வாளி, கத்தி எல்லாம் கொடுத்தார். எல்லாம் கடன். வேலை செய்ய வேண்டிய கத்தியே கடன் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

பிறகு ஆண்களை எல்லாம், தோட்டத்தை நாம் தீம்பார் என்போமே, அதன் ஓரத்தில் இருந்த முனியாண்டியிடம் அழைத்துப் போனார். கோயில் என்று பெரிதாக நினைக்க வேண்டாம். ஒரு மரம், ஒரு கல், கல்லுக்கு முன்னால் சூடம் ஏற்ற ஒரு செங்கல், அவ்வளவுதான். குத்தகைக்காரர் நெற்றி நிறையத் திருநீறோடு நின்றார்.

"நமக்குள்ள பேப்பர் எதுக்குலா? அப்பன் சாட்சி போதும்," என்றார்.

ஒவ்வொருவராகச் சூடம் அடித்தார்கள். கடன் முடிகிற வரைக்கும் இந்தத் தீம்பாரை விட்டுப் போகமாட்டேன், போனால் என் பிள்ளையை நீ எடுத்துக்கொள் என்று சொல்ல வேண்டும். பிள்ளை என்றால் ஆண்பிள்ளை. எங்கள் வீட்டில் ஆண்பிள்ளை ஒன்றுதான், அப்போதுதான் நடை பழகியிருந்த தம்பி. அக்காவும் நானும் முனியாண்டி கணக்கில் சேரவில்லை. அந்த ஒரு விஷயத்தில் பெண்ணாகப் பிறந்ததால் தப்பித்தோம்.

அந்தத் தோட்டத்துக்கு வேலி கிடையாது, கேட் கிடையாது. காவலுக்கு ஒரு நாய்கூடக் கிடையாது. சின்னப் பிள்ளையாக அதைப் பார்த்துச் சந்தோஷப்பட்டேன், எங்கே வேண்டுமானாலும் ஓடலாம் என்று.

நான் சொல்ல வந்தது அந்த மழைக்காலத்தைப் பற்றி. மழை பெய்தால் பால்வெட்டு இல்லை என்பது உங்களுக்குத் தெரியும். மரம் நனைந்துவிட்டால் பால் கோடு விட்டு வழிந்து ஓடிவிடும், பால் பிடிக்கிற மங்கில் தண்ணீர்தான் நிற்கும். விடியற்காலை ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் போன அப்பா, பால் வாளி தூக்கும் காண்டா கம்பைத் தோளில் போட்டபடியே திரும்பி வருவார். எங்களுக்கு அது கொண்டாட்டம், அப்பா வீட்டில் இருக்கிறார். அம்மாவோ தகரத்தில் விழும் மழைச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு அரிசிப் பானையையே பார்த்துக்கொண்டிருப்பார். வேலை இல்லையென்றால் கூலி இல்லை. அரிசி மட்டும் குத்தகைக்காரர் கடையிலிருந்து வந்துகொண்டே இருக்கும்.

எவ்வளவு கடன் என்று எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாது. அப்பா போய்க் கேட்டால், குத்தகைக்காரர் சிரித்தபடி, "இன்னும் இருக்கு," என்பார். அதற்குமேல் கேட்க அப்பாவுக்கு வாய் வராது.

ஒரு நாள் மதியம் அவர் குடையோடு எங்கள் வீட்டுக்கே வந்தார். பெஞ்சில் உட்கார்ந்தார். அக்கா டீ போட்டுக் கொடுத்தாள். அக்காவுக்கு அப்போதுதான் பாவாடையின் மடிப்பை அவிழ்த்து நீளமாக்கியிருந்தோம், அந்த வயது. அவர் டீயை உறிஞ்சிவிட்டு அக்காவைப் பார்த்தார்.

"பெரியவ நல்லா டீ போடறா. டவுன்ல எங்க வீட்ல ஒத்தாசைக்கு ஆளே இல்ல. தை பொறந்ததும் லாரி அனுப்பறேன், ஏத்தி விடு. கடன் மளமளன்னு கரைஞ்சிரும்."

அம்மாவின் கை என் தோளில் இருந்தது. அந்த விரல்கள் இறுகியது இப்போதும் எனக்கு வலிக்கிறது. எங்களுக்கு முன்னால் பக்கத்து வீட்டுப் பெண் அப்படிப் போய்விட்டு வந்திருந்தாள். வந்த பிறகு அவள் யாரோடும் பேசுவதில்லை. குழாயடியில் வாளி நிறைந்து வழிந்தாலும் பார்த்துக்கொண்டே நிற்பாள். ஏன் என்று நாங்கள் பிள்ளைகள் கேட்டால், பெரியவர்கள் வேறு பேச்சுக்குப் போய்விடுவார்கள்.

குத்தகைக்காரர் போனதும் அம்மா சொன்னார்: "தைக்கு முன்ன நாம இங்க இருக்கக் கூடாது."

அப்பா தழும்புள்ள கையை விரித்துக் காட்டினார்.

"பொம்பளப் புள்ள போனா பரவால்லயா?" என்றார் அம்மா.

"நா அப்பிடியா சொன்னேன்? புள்ள மேல அடிச்சிட்டேன்டி."

இதுதான் எங்கள் வீட்டில் நடந்த சண்டை. தினமும் இதே சண்டைதான். போனால் தம்பி, இருந்தால் அக்கா. நான் இருவருக்கும் நடுவில் தட்டில் சோற்றைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருப்பேன். மார்கழி ஒவ்வொரு நாளாகத் தீர்ந்துகொண்டிருந்தது.

ஒரு நாள் மழை தூறும்போது அம்மா என்னை மட்டும் கூட்டிக்கொண்டு முனியாண்டியிடம் போனார். நான் வாழையிலையைக் குடையாகப் பிடித்தேன். அம்மா அந்தச் செங்கல்லில் சூடத்தை வைத்து ஏற்றினார். மூன்று குச்சி நமுத்துப் போய், அடுத்ததுதான் பற்றியது. அம்மா கும்பிடவில்லை. சண்டைக்கு நிற்பது மாதிரி இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார்.

"நீ அப்பன்னா, பொம்பளப் புள்ளைக்கும் அப்பன்தான். அவரு அணைச்சத நா ஏத்திட்டேன். சரியாப் போச்சு."

சூடம் தானாக எரிந்து அடங்கும்வரை நின்றோம். வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னார். அப்பா தலையை ஆட்டினார்.

"நீ ஏத்துனா ஆச்சா? அடிக்க வச்சவன்ல ஏத்தணும்."

இந்தச் சட்டத்தை அவருக்கு யார் சொன்னார்களோ, எனக்கு இன்றுவரை தெரியாது. ஆனால் நீதிபதி மாதிரி உறுதியாகச் சொன்னார். அடிக்க வைத்தவர் ஏற்றுவாரா? சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்காத கதைதான்.

கடைசியில் அப்பாவை அசைத்தது அம்மா இல்லை, அக்காதான். ஒரு நாள் அப்பா வேலை முடிந்து வந்தபோது, அக்கா தன் துணிகளை ஒரு மாவுப் பையில் மடித்து வைத்துக்கொண்டிருந்தாள்.

"நா போறேம்பா. தம்பிக்கு ஒண்ணும் ஆகக் கூடாது," என்றாள். அழவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னாள். அப்பா அந்தப் பையைப் பிடுங்கித் துணியை எல்லாம் தரையில் கொட்டினார். பிறகு அவரே உட்கார்ந்து ஒவ்வொன்றாக எடுத்துத் தட்டி மடித்தார். மடித்துவிட்டு அம்மாவிடம், "போயிருவோம்," என்றார்.

வாராவாரம் காய்கறி கொண்டுவரும் சீனக் கிழவர் ஒருவர் இருந்தார். அம்மா அவரிடம் பேசி வைத்திருந்தார். குத்தகைக்காரர் சாமான் வாங்கப் பகாவுக்குப் போகிற நாள், பட்டப்பகல். சந்தேகம் வராமல் இருக்க எதையும் எடுக்கவில்லை. அடுப்பில் பானை கொதித்துக்கொண்டிருந்தது. கொடியில் துணி காய்ந்துகொண்டிருந்தது. அதில் அக்காவின் நீலப் பாவாடையும் ஒன்று. அவளுக்கு இருந்த ஒரே நல்ல பாவாடை. லாரியில் ஏறும்போது அவள் திரும்பித் திரும்பிப் பார்த்தது அந்தக் கொடியைத்தான்.

"சிப்பாட் லா, சிப்பாட்," என்று கிழவர் அவசரப்படுத்தினார். காலிக் கூடைகளுக்கு நடுவே குந்தினோம், மேலே படுதாவை இழுத்துவிட்டார். அழுகிய சவிக்கீரை வாசம். லாரி ஒவ்வொரு பள்ளத்தில் இறங்கும்போதும் அம்மா தம்பியின் வாயைப் பொத்தினார். எதிரே ஒரு மோட்டார் சத்தம் வந்தது. அப்பா கண்ணை மூடிக்கொண்டார். சத்தம் எங்களைத் தாண்டிப் போனது.

பகாவில் பஸ் ஏறித் தம்பினுக்குப் போனோம், அங்கே சின்னம்மா ஒரு தோட்டத்தில் இருந்தார். பஸ்ஸில் நான் பின்கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டே வந்தேன். யாரும் துரத்தி வரவில்லை. அன்று அது எனக்கு எவ்வளவு நிம்மதியாக இருந்தது! இப்போது நினைத்தால் அதுதான் பயமாக இருக்கிறது. துரத்த வேண்டிய அவசியம் இல்லை என்று அந்த மனிதருக்குத் தெரிந்திருக்கிறது.

பாதி வழியில் தம்பியின் உடம்பு சுட ஆரம்பித்தது. மழையில் நனைந்த பிள்ளை, ராத்திரியெல்லாம் தூங்காத பிள்ளை, காய்ச்சல் வராதா? ஆனால் அப்பா அவனைத் தொட்டார், பிறகு தன் உள்ளங்கையைப் பார்த்தார். அதற்கப்புறம் சின்னம்மா வீடு போய்ச் சேரும்வரை அந்தக் கையை மூடியே வைத்திருந்தார். மறுநாள் காலையில் தம்பிக்கு ஜன்னி கண்டது. கண் மேலே செருக, கையும் காலும் வெட்டி இழுத்தது. ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். வெள்ளை உடுப்பு போட்ட மிஸ்ஸி ஒருத்தி அவனை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். அம்மாவும் பின்னாலேயே ஓடினார்.

வெளிப் பெஞ்சில் அப்பா, அக்கா, நான். அப்பா எழுந்து அக்காவின் தலையில் கை வைத்தார்.

"நீ அம்மா கூடவே இரு. யாரு கூப்ட்டாலும் போவாத," என்றார். பிறகு, பஸ் நிற்கும் பக்கமாக நடந்தார். டீ வாங்கப் போகிறார் என்று நினைத்தேன்.

அம்மா வெளியே வந்தபோது அக்கா சொன்னாள். அம்மா பெஞ்சில் உட்கார்ந்து, "மடையன், மடையன்," என்று முந்தானையில் முகத்தைப் புதைத்துக்கொண்டார். அதற்கு முன்னும் பின்னும் அம்மா அப்பாவை அப்படிச் சொல்லி நான் கேட்டதில்லை.

அன்று சாயங்காலம் தம்பிக்குக் காய்ச்சல் இறங்கியது. உள்ளே ஊசி போட்டிருந்தார்கள். அதே சாயங்காலம் அப்பா முனியாண்டி முன்னால் விழுந்து கிடந்திருக்கிறார். அம்மா சாகும்வரை, ஊசிதான் என்றார். அப்பாவுக்கு அந்தப் பேச்சே காதில் ஏறவில்லை. தான் திரும்பிப் போனதால்தான் பிள்ளை பிழைத்தான் என்றும், தான் அங்கேயே இருந்தால்தான் அவன் உயிரோடு இருப்பான் என்றும் அவர் மனதில் ஊன்றிவிட்டது. குத்தகைக்காரர் அவரைத் திட்டக்கூட இல்லையாம். "வந்துட்டியா? சாப்ட்டியா?" என்று மட்டும் கேட்டாராம்.

அதன்பிறகு அப்பா அங்கேயே வேலை செய்தார். அம்மா எங்களோடு தம்பினில் பால் வெட்டினார். ஒருமுறை காய்கறிக் கிழவர் வழியாக அப்பா ஒரு பொட்டலம் கொடுத்தனுப்பினார். பிரித்தால் அக்காவின் நீலப் பாவாடை, அழகாக மடித்திருந்தது. அதற்குள் அக்கா வளர்ந்துவிட்டாள். இடுப்பில் வைத்துப் பார்த்துவிட்டு என்னிடம் கொடுத்தாள். எனக்கும் அது சின்னதாகிவிட்டது.

நான் பெரியவளாகி, அக்காவுக்குக் கல்யாணமும் ஆன பிறகு குத்தகைக்காரர் செத்துப்போனார். அவர் மகன் தோட்டத்தை விட்டுவிட்டு எல்லோரையும் கிளம்பச் சொல்லிவிட்டான். எல்லோரும் கிளம்பினார்கள். அப்பா மட்டும் அவன் காருக்குப் பக்கத்தில் போய் நின்றிருக்கிறார்.

"கடன் முடிஞ்சிருச்சான்னு மட்டும் சொல்லுங்க தம்பி."

"என்ன கடன் பெரியவரே? எனக்கு ஒண்ணும் தெரியாது. நீங்க போங்க," என்றிருக்கிறான் அவன்.

போகச் சொன்னான். முடிந்தது என்று சொல்லவில்லை. அப்பா வெளியே வந்தார், ஆனால் அரை மனதோடு. எங்களோடு இருந்த காலம் முழுவதும் விடிந்ததும் முதல் வேலையாகத் தம்பியின் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பார். மீசை முளைத்த தடியனின் நெற்றியை! "இந்தப்பாவுக்கு வேற வேல இல்ல," என்று தம்பி கையைத் தட்டிவிடுவான். ஏன் என்று அவனுக்குச் சொல்லக் கூடாது என்பது அம்மாவின் கட்டளை. "அந்தப் பாரத்தப் புள்ள தலையில ஏத்தாதீங்க," என்பார். அம்மா இருக்கும்வரை நாங்கள் சொல்லவில்லை. அவர் போன பிறகும் சொல்லவில்லை.

அக்கா தம்பினிலேயே இருக்கிறாள், பேரன் பேத்தி எடுத்துவிட்டாள். அன்று போட்ட டீயை மறக்கவில்லையோ என்னவோ, யார் வீட்டுக்குப் போனாலும் அடுப்படிக்குள் நுழைய மாட்டாள். நான் தம்பியோடு அம்பாங்கானில் இருக்கிறேன். தம்பி அங்கே வாழையிலைச் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறான். தங்கமான பிள்ளை, கோயில் அன்னதானத்துக்கு முதல் மூட்டை அரிசி அவனுடையதுதான். காலையில் கடைக்குப் போய்ச் சாமிப் படங்களுக்குப் பூ வைப்பது என் வேலை.

போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை. தோசை போடுகிறவன் முகமே சரியில்லை. சிவகங்கைப் பக்கத்துப் பையன், முப்பது வயது இருக்கும், ஊரில் பொண்டாட்டியும் ஒரு சின்னப் பெண்ணும். ஏஜெண்டுக்குத் தம்பிதான் பணம் கட்டி அவனை வரவழைத்திருந்தான், சம்பளத்தில் கழித்துக்கொண்டிருந்தான். என்னப்பா என்று கேட்டேன். மகளுக்குக் காய்ச்சலாம், மதுரையில் பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்களாம்.

"ஊருக்குப் போகலயா?"

"வேணாம்மா."

"மொதலாளி விடலயா?"

"நான் கேக்கவே இல்லம்மா." கரண்டியைக் கீழே வைத்தான். "கோலாலம்பூர்ல ஒரு கடையில கூடச் சம்பளம் தர்றாங்கன்னாங்க. போயிரலாமான்னு மனசுக்குள்ள நெனச்சேன். அந்த வாரமே பிள்ளைக்கு இப்படி. நெனச்சதுக்கே இதுன்னா, போனா என்னாகும்? சூடம் அடிச்சுக் குடுத்திருக்கேன்ல."

என் கையில் இருந்த பூக்கூடை விழுந்தது. "எங்க அடிச்ச?" என்றேன். நான் பூ வைக்கிற அதே படங்களுக்கு முன்னால் என்றான்.

மதியக் கூட்டம் ஓய்ந்ததும் கல்லாவுக்குப் போனேன். தம்பி மறைக்கவெல்லாம் இல்லை, பெருமையாகத்தான் சொன்னான்.

"மத்த கடைக்காரனுங்க மாதிரி நா பாஸ்போர்ட்ட புடுங்கி வச்சிக்கறதில்லக்கா. அது தப்பு. அவன் பாஸ்போர்ட் அவன்கிட்டதான் இருக்கு. ஏஜெண்டு காசு கழியற வரைக்கும் ஓடிறக் கூடாதில்ல? அதான் ஒரு சூடம். பழைய ஆளுங்க இப்பிடித்தான் செய்வாங்களாம். சாமி பாத்துக்கும்."

அவன் கெட்டவனாக இருந்திருந்தால் எனக்கு அவ்வளவு கோபம் வந்திருக்காது. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். அம்மா போட்ட கட்டளையை அன்று மீறினேன். மழைக்காலம், செங்கல், அக்காவின் மாவுப் பை, லாரி, ஜன்னி, ஆஸ்பத்திரிப் பெஞ்ச், எல்லாவற்றையும் சொன்னேன். "அப்பா நம்மள விட்டுட்டுப் போனது கடனுக்காக இல்லடா. உனக்காக," என்றேன்.

"போக்கா, கத கட்டாத," என்று முதலில் சிரித்தான். ஒரு ஆள் பில் கட்ட வந்தார், மீதியை எண்ணாமலே கொடுத்தான். அவர் போன பிறகு கல்லா மேசையைப் பார்த்துக்கொண்டே கேட்டான்.

"அதுக்குத்தான் தெனம் என் நெத்திய தொட்டுப் பாப்பாரா?"

"ஆமா."

அவன் உதடு கோணியது. அறுபதைத் தாண்டியவன், கைக்குட்டையைத் தேடினான், கிடைக்கவில்லை.

"இப்ப என்னக்கா செய்யணும்?"

"அடிக்க வச்சவன்தான் ஏத்தணும்னு அப்பா சொன்னாரு."

தோசைக்காரனைக் கூப்பிட்டான். அவன் தன்னைத் துரத்தப் போகிறார்கள் என்று நினைத்துக் கையைத் துடைத்தபடி வந்து நின்றான். தம்பி செருப்பைக் கழற்றிவிட்டு, படங்களுக்கு முன்னால் தட்டில் சூடத்தை வைத்து ஏற்றினான். "அடிச்சத நா திருப்பி ஏத்திட்டேன்பா. இனி ஒன் மேல சத்தியம் எதுவும் இல்ல. டிக்கெட் போடறேன், போய்ப் புள்ளயப் பாரு," என்றான்.

பையன் தட்டையே பார்த்துக்கொண்டு நின்றான். நம்புவதா வேண்டாமா என்று அவனுக்குத் தெரியவில்லை. சூடம் சுருங்கிச் சுருங்கித் தானாக அடங்கியது. அப்போதும் அவன் நகரவில்லை.

"மொதலாளி, கடன்?"

தம்பி வாயைத் திறந்தான். அவன் வியாபாரி, அவனுக்கும் வாடகை, கரண்டு பில், வங்கித் தவணை எல்லாம் இருக்கிறது. இன்னும் இருக்கு என்று சொல்லிவிடுவானோ என்று பயந்தேன். அந்த இரண்டு வார்த்தையைக் கேட்டுக் கேட்டு எங்கள் அப்பாவின் ஆயுளே போனது.

"முடிஞ்சிருச்சுப்பா," என்றான் தம்பி. "முடிஞ்சிருச்சு."

பையன் குனிந்து தம்பி காலைத் தொடப் போனான். தம்பி அவன் தோளைப் பிடித்து நிறுத்திவிட்டான். என்னால் அழுகையை அடக்க முடியவில்லை. எங்கள் அப்பா ஒரு காருக்குப் பக்கத்தில் நின்று கேட்ட சொல் அது, அவருக்கு யாரும் சொல்லவில்லை.

மறுநாள் காலையில் நான் பூக்கூடையோடு கடைக்குள் நுழைந்தபோது, தம்பி தோசைக் கல்லுக்கு முன்னால் நின்று தோசையைக் கருக்கிக்கொண்டிருந்தான். சிவகங்கைப் பையன் விமானம் ஏறிவிட்டான். நான் கூடையை வைத்துவிட்டுப் போய், தம்பியின் நெற்றியில் கை வைத்தேன். தட்டிவிடுவான் என்று நினைத்தேன். தட்டவில்லை, கரண்டியைப் பிடித்தபடி அப்படியே நின்றான்.

"என்னக்கா?"

"காய்ச்சல் இல்ல," என்றேன்.